ஹோர்ஹே சான்ஹினெஸ்: பார்வையாளர்களிடம் சினிமா கற்ற இயக்குநர்

கேள்வி இதுதான்: சினிமாவால் அரசியல் மாற்றம் வரும் என்று நம்பிய புரட்சிகர இயக்குநர்களில், அந்த நம்பிக்கையை நடைமுறையில் சோதித்துப் பார்த்தவர் யார்? அவர் என்ன கண்டுபிடித்தார்?

என் பதில், பொலிவியாவின் ஹோர்ஹே சான்ஹினெஸ். இந்தப் பேச்சை சோவியத்தின் ஐசன்ஸ்டைன், வெர்தோவ், பிரான்ஸின் கோதார் என்று தொடங்குவதுதான் வழக்கம். லத்தீன் அமெரிக்கா என்றால், ஹாலிவுட்டுக்கும் ஐரோப்பியக் கலைப்படத்துக்கும் மாற்றாக ‘மூன்றாம் சினிமா’ வேண்டும் என்ற அறிக்கையை எழுதிய சொலானாஸ், கெத்தினோ பெயர்கள் முதலில் வரும். எல்லோரும் முக்கியமானவர்கள்தான். ஆனால் யாருக்காகப் படம் எடுத்தாரோ அவர்கள் முன்னாலேயே அதைப் போட்டுக் காட்டி, அவர்கள் குழம்பிய இடத்தையும் ஒதுங்கிய இடத்தையும் கவனித்து, அடுத்த படத்தை அதற்கேற்ப மாற்றி எடுத்தவர் என்று பார்த்தால் இவருக்கு இணையாக இன்னொருவரைச் சொல்வது கஷ்டம். இவருடைய கொள்கைகள் பெரும்பாலும் இப்படிப் பிறந்தவை. அதனால் அவற்றைத் தனியாகப் பிரித்துச் சொல்லாமல், படங்களோடு சேர்த்தே சொல்கிறேன்.

முதலில் நாட்டைப் பற்றிக் கொஞ்சம். 1952இல் பொலிவியாவில் ஒரு புரட்சி நடந்தது. தகரச் சுரங்கங்கள் தேசியமயமாயின, எழுதப் படிக்கத் தெரியாத பழங்குடி மக்களுக்கும் ஓட்டுரிமை வந்தது, 1953இல் நிலச் சீர்திருத்தச் சட்டம் வந்தது. ஆனால் 12 வருடத்தில் ராணுவம் திரும்பிவிட்டது. 1964 நவம்பரில் ஜெனரல் பாரியென்டோஸ் ஆட்சியைக் கைப்பற்றினார். மக்களில் பெரும்பாலோர் கெச்சுவாவும் அய்மாராவும் பேசுகிறவர்கள். அதிகாரமும் பள்ளிக்கூடமும் நீதிமன்றமும் ஸ்பானிஷில் நடந்தன. சினிமாவும் அப்படித்தான். நகரத்துத் தியேட்டரில் ஹாலிவுட் படம் ஓடும். மலைமேல் இருக்கிற கிராமத்தில் பலர் படமே பார்த்திருக்கமாட்டார்கள்.

சான்ஹினெஸ் 1936இல் லா பாஸ் நகரத்தில் பிறந்தவர். தத்துவம் படித்துவிட்டு, சிலி நாட்டுக்குப் போய் சினிமா படித்தார். ஊர் திரும்பியதும் திரைக்கதை எழுத்தாளர் ஆஸ்கர் சோரியாவோடு சேர்ந்தார். இருவரும் 1963இல் எடுத்த ‘புரட்சி’ சுமார் 10 நிமிடக் குறும்படம். வசனமே கிடையாது. வறுமை, கூட்டம், துப்பாக்கிச் சூடு, குழந்தைகளின் முகங்கள் என்று காட்சிகளை ஒன்றோடொன்று மோதவிட்டுக் கதை சொல்லும் சோவியத் பாணி. 1966இல் முதல் முழுநீளப் படம் ‘உகமாவ்’. அய்மாரா மொழியில் எடுத்த முதல் முழுநீளக் கதைப்படம். டிட்டிகாக்கா ஏரித் தீவில் வாழும் விவசாயி ஒருவனின் மனைவியை ஒரு தரகன் பலாத்காரம் செய்து கொன்றுவிடுகிறான். கணவன் ஒரு வருடம் பொறுமையாகக் காத்திருந்து பழிவாங்குகிறான். தயாரித்தது அரசின் திரைப்பட நிறுவனம், அதற்கு அப்போது தலைவர் சான்ஹினெஸ். படம் வெளிவந்த பிறகுதான் எதற்குப் பணம் கொடுத்தோம் என்று அரசுக்கு உறைத்தது. அவரை வேலையிலிருந்து நீக்கி, நிறுவனத்தையும் மூடினார்கள். குழு அந்தப் படத்தின் பெயரையே தன் பெயராக வைத்துக்கொண்டது: உகமாவ் குழு.

முதல் பாடம் இங்கேதான் வருகிறது. ஆரம்பகாலப் படங்களைச் சுரங்கத் தொழிலாளர்களுக்கும் ஏழை மக்களுக்கும் போட்டுக் காட்டினார்கள். பார்த்தவர்கள் சொன்னதன் சாரம் இது: எங்கள் வறுமையை எங்களுக்கே ஏன் காட்டுகிறீர்கள்? அது எங்களுக்குத் தெரியாதா? இதைத் தெரியாத வசதியானவர்களுக்குக் காட்டுங்கள். நாங்கள் ஏன் இப்படி இருக்கிறோம், இதற்கு யார் காரணம், அதைக் காட்டுங்கள்.

இந்த விமர்சனத்தின் கனத்தை யோசித்துப் பாருங்கள். ஏழையின் கண்ணீரைக் காட்டும் படம் யாரை மனதில் வைத்து எடுக்கப்படுகிறது? பார்த்து உருகப்போகிற நடுத்தர வர்க்கத்தை. படம் எவ்வளவு நேர்மையாக இருந்தாலும் அது ஏழையின் தலைக்கு மேல் வேறு யாரோடோ பேசிக்கொண்டிருக்கிறது. சான்ஹினெஸ் இதை ஏற்றுக்கொண்டார். இரக்கத்தைத் தூண்டும் படத்திலிருந்து காரணத்தைச் சொல்லும் படத்துக்கு நகர வேண்டும் என்று முடிவெடுத்தார்.

அப்படி வந்ததுதான் 1969இன் ‘யாவார் மால்க்கு’, அதாவது காண்டார் கழுகின் இரத்தம். வளர்ச்சிப் பணி என்ற பெயரில் ஆண்டிஸ் மலைக் கிராமத்துக்கு வந்திருக்கும் அமெரிக்கர்கள், தங்கள் மருத்துவ நிலையத்தில் கெச்சுவாப் பெண்களுக்கு அவர்களைக் கேட்காமலேயே கருத்தடை அறுவை செய்துவிடுகிறார்கள். ஊர்த்தலைவர் இக்னாசியோ இதைக் கண்டுபிடிக்கிறார். ஊரார் அந்த வெளிநாட்டவர்களைத் தண்டிக்கிறார்கள். போலீஸ் இக்னாசியோவைச் சுடுகிறது. மனைவி அவரை லா பாஸுக்கு, தம்பி சிக்ஸ்டோவிடம் கொண்டுபோகிறாள். தம்பி ஒரு தொழிற்சாலைத் தொழிலாளி; தான் பழங்குடி இல்லை என்று மறுத்து வாழ்கிறவன். இரத்தம் வாங்கப் பணம் இல்லை. நாள் முழுக்க அலைகிறான். அண்ணன் செத்துப்போகிறார். கடைசியில் சிக்ஸ்டோ மலை உடை அணிந்து ஊர் திரும்புகிறான். உயர்த்திய துப்பாக்கிகளோடு படம் உறைகிறது.

ஆனால் படத்தைவிட முக்கியமான கதை படப்பிடிப்பில் நடந்தது. லா பாஸின் வடக்கே காத்தா என்ற எட்டாக்கைக் கிராமத்தைத் தேர்ந்தெடுத்திருந்தார்கள். ஊர்த்தலைவர் மார்செலினோ யனாவாயா ஒத்துழைப்பதாகச் சொல்லியிருந்தார். கோவேறு கழுதைப் பாதையில் கருவிகளைத் தூக்கிக்கொண்டு போய்ச் சேர்ந்தால், ஊர் முகம் கொடுக்கவில்லை. வழக்கமான கூலியைவிடப் பல மடங்கு தருகிறோம் என்றார்கள், யாரும் வரவில்லை. வெளியூரிலிருந்து வந்த வதந்தி வேறு, இவர்கள் ஆபத்தானவர்கள் என்று. குழுவுக்குத் தலை சுற்றியது. தலைவரே சம்மதித்துவிட்டாரே, பிறகென்ன?

அங்கேதான் கோளாறு. நகரத்தில் ஒரு முக்கியமான ஆளைப் பிடித்தால் அவருக்குக் கீழே இருப்பவர்கள் தானாக வந்துவிடுவார்கள். காத்தாவில் முடிவெடுப்பது ஊர். தலைவர் ஊருக்குக் கட்டுப்பட்டவர். மக்களுக்காகப் படம் எடுக்க வந்தவர்கள், அந்த மக்கள் எப்படி முடிவெடுக்கிறார்கள் என்பதைத் தெரிந்துகொள்ளாமல் முதலாளி மாதிரி நடந்துகொண்டார்கள். இது புரிந்ததும் குழு தன்னை ஊரின் முறைக்கு ஒப்படைத்தது. கோகா இலை போட்டுக் குறி பார்க்கும் சடங்குக்குச் சம்மதித்தார்கள். இரவில் ஊரே கூடியிருக்க, குறி சொல்லும் பெரியவர் இலைகளைப் பார்த்து, இவர்கள் வந்த நோக்கம் நல்லது என்றார். அதற்குப் பிறகு ஊர் இறங்கி வந்து வேலை செய்தது. யனாவாயாவே இக்னாசியோவாக நடித்தார்.

சான்ஹினெஸின் சிந்தனை முழுவதுக்கும் திறவுகோல் அந்த இரவில் இருக்கிறது என்று நினைக்கிறேன். அதுவரை அவருக்குப் புரட்சிகர சினிமா என்பது புரட்சிகரமான விஷயத்தைச் சொல்வது. காத்தாவுக்குப் பிறகு அது மக்களோடு வைத்துக்கொள்ளும் உறவு ஆகிவிட்டது. கேமராவுக்குப் பின்னால் இருப்பவருக்கும் முன்னால் இருப்பவருக்கும் நடுவே எஜமான்-கூலி உறவு இருந்தால், திரையில் என்ன முழக்கம் போட்டாலும் படம் பழைய உலகத்தைத்தான் திரும்பச் செய்கிறது.

படம் வெளிவரும் நாளிலேயே தடை செய்யப் பார்த்தார்கள். மக்கள் தெருவில் இறங்கிய பிறகு தடை விலகியது. நாடு முழுக்க விவாதம் கிளம்பியது. 1971இல், இடதுசாரிச் சாய்வுள்ள ஜெனரல் டோரஸின் அரசு, வளரும் நாடுகளுக்குத் தன்னார்வலர்களை அனுப்பும் அமெரிக்க அரசின் பீஸ் கோர் அமைப்பைப் பொலிவியாவிலிருந்து வெளியேற்றியது. சினிமா அரசியலை மாற்றியதற்கு உதாரணம் கேட்டால் உலகம் முழுக்க இதைத்தான் காட்டுகிறார்கள். நான் இதைக் கொஞ்சம் எச்சரிக்கையோடு சொல்வேன். அந்த அமைப்பின் தன்னார்வலர்கள் கிராமங்களில் கருத்தடைச் சாதனங்கள் தரும் வேலையில் ஈடுபட்டது உண்மை. படம் சொல்வதுபோலக் கட்டாயக் கருத்தடை அறுவை நடந்ததா என்பது இன்றும் சர்ச்சைக்குரியது. வெளியேற்றத்துக்கு அந்த அரசின் தேசியவாதக் கொள்கையும் பெரிய காரணம். எரியத் தயாராக இருந்த கோபத்துக்குப் படம் ஒரு கதையைக் கொடுத்தது; அதுவே பெரிய விஷயம். ஒரு படம் தனியாக ஒரு வல்லரசின் அமைப்பைத் துரத்தியது என்று சொன்னால், தெருவில் இறங்கியவர்களையும் தொழிற்சங்கங்களையும் கணக்கில் எடுக்காமல் விட்டதாகிவிடும். சான்ஹினெஸே அப்படிப்பட்ட தனிமனிதப் பெருமையை ஒப்புக்கொள்கிற ஆள் இல்லை.

இத்தனை வெற்றிக்குப் பிறகு அவர் செய்தது எனக்கு மிகவும் பிடித்தது. தன் படத்தைத் தானே கடுமையாக விமர்சித்தார். 16 எம்எம் புரொஜெக்டரோடு ஊர் ஊராகப் போய்ப் படத்தைக் காட்டியபோது, மக்களுக்குக் கதை பிடிபடவில்லை. காரணம், ஃபிளாஷ்பேக். தம்பி நகரத்தில் இரத்தம் தேடும் கதைக்கு நடுவே அண்ணன் கிராமத்தில் வாழ்ந்த கதை வெட்டி வெட்டி வருகிறது. ஐரோப்பியப் படம் பார்த்துப் பழகிய கண்ணுக்கு இது சாதாரணம். இதைச் சமாளிக்கக் குழு ஒரு வழி கண்டுபிடித்தது: படம் போடும் முன் கதைசொல்லி ஒருவர் வந்து, கதாபாத்திரங்களின் புகைப்படங்களைக் காட்டி, கதையை முழுக்கச் சொல்லிவிடுவார். ஆண்டிஸ் ஊர்களில் கதை சொல்வது பழைய வழக்கம். கதை முதலிலேயே தெரிந்துவிட்டால் சுவாரஸ்யம் போய்விடாதா என்றால், போகவில்லை. அடுத்து என்ன என்ற பதைப்பு போனதும், ஏன் இப்படி நடக்கிறது என்று யோசிக்க இடம் கிடைத்தது.

இன்னொரு குறையையும் சொன்னார். படம் ஒரு வீரனையும் அவன் தம்பியையும் சுற்றி ஓடுகிறது, ஊர் பின்னணியாகிவிட்டது. விவசாயிகள் மனப்பாடம் செய்து ஒப்பித்த வசனம் வேறு யாரோ எழுதியது. க்ளோஸ்-அப் முகத்தைக் கூட்டத்திலிருந்து பிய்த்து எடுக்கிறது. ஊராகச் சேர்ந்து யோசிக்கிற மக்களைத் தனித்தனி ஆட்களாக வெட்டிக் காட்டுவது தவறான இலக்கணம் என்பது அவர் முடிவு.

1971இல் எடுத்த ‘மக்களின் துணிவு’ இதற்கெல்லாம் பதில். 1967 ஜூன் 24, சான் யுவான் திருநாள் விடியற்காலை. சிக்லோ வெய்ன்டே சுரங்கக் குடியிருப்பில் மக்கள் நெருப்பு மூட்டிக் குடித்து ஆடிவிட்டு ஓய்ந்த நேரத்தில் ராணுவம் உள்ளே புகுந்து சுட்டது. 1965இல் கூலியைப் பெருமளவு வெட்டியதிலிருந்தே சுரங்கத் தொழிலாளர்களுக்கும் பாரியென்டோஸ் ஆட்சிக்கும் மோதல். நாட்டின் தென்கிழக்கில் சே குவேராவின் கெரில்லாக் குழு அப்போது இயங்கிக்கொண்டிருந்தது. தொழிலாளர்கள் ஒருநாள் கூலியை அதற்குக் கொடுக்கப் பேசினார்கள். பெரிய தொழிற்சங்கக் கூட்டம் நடக்கவிருந்த நேரம். அதற்குமுன் அடித்துவிட வேண்டும் என்பது ராணுவத்தின் திட்டம்.

இந்தப் படுகொலையை நான்கு வருடம் கழித்து, அதிலிருந்து தப்பியவர்களை வைத்தே திரும்ப எடுத்தார் சான்ஹினெஸ். இத்தாலியின் ராய் தொலைக்காட்சி பணம் கொடுத்தது. முழுமையான வசனம் எழுதவில்லை. என்ன நடந்தது, யார் எங்கே நின்றார்கள், என்ன பேசினார்கள் என்று அந்த மக்களிடமே கேட்டு, அவர்கள் நினைவிலிருந்தே காட்சிகளை அமைத்தார்கள். தொழிலாளர் மனைவியர் சங்கத்தைச் சேர்ந்த தொமித்திலா சுங்காரா தன் பாத்திரத்தில் தானே தோன்றுகிறார். பின்னால் தன் வாழ்க்கையைச் சொன்ன புத்தகத்தால் உலகம் அறிந்தவர். கம்பெனிக் கடையில் பொருள் இல்லை என்று பெண்கள் நிர்வாகியை மடக்கிக் கேட்கும் காட்சி ஒன்று உண்டு. கேமரா அந்தக் கூட்டத்துக்குள் இடிபட்டுக்கொண்டு நிற்கிறது. யார் கதாநாயகி என்று கண்டுபிடிக்க முடியாது. ஒருத்தி தொடங்குகிறாள், இன்னொருத்தி பிடித்துக்கொள்கிறாள், பின்னாலிருந்து மூன்றாவது குரல். கூட்டமே கதாநாயகன் என்று அவர் சொன்னதை இந்தக் காட்சியைப் பார்த்தால் உடனே பிடித்துக்கொள்ளலாம்.

படத்தின் தொடக்கத்தில் 1942 கதாவி படுகொலை வருகிறது. அதைத் தொடர்ந்து நாட்டில் நடந்த படுகொலைகளின் பட்டியல், அவற்றுக்குப் பொறுப்பானவர்களின் பெயர், புகைப்படம். யார் காரணம் என்று சொல்லுங்கள் என்று அன்று கேட்டார்களே, அவர்களுக்குப் பெயர் சொல்லிப் பதில். விலையும் கொடுக்க வேண்டியிருந்தது. 1971 ஆகஸ்டில் பான்செரின் ராணுவப் புரட்சி நடந்தது. சான்ஹினெஸ் நாடு திரும்ப முடியவில்லை. பான்செர் ஆட்சி முடியும்வரை பொலிவியாவில் படத்தை வெளிப்படையாகக் காட்ட வழியில்லை.

நாடுகடந்த வாழ்க்கையில் பெருவில் ‘முதன்மை எதிரி’ (1974), எக்வடோரில் ‘இங்கிருந்து வெளியேறு’ (1977) இரண்டையும் எடுத்தார். முதல் படத்தில், ஊர் ஊராகச் செய்த கதைசொல்லி உத்தியைப் படத்துக்குள்ளேயே கொண்டுவந்துவிட்டார். சாத்துர்னினோ வில்கா என்ற நிஜமான விவசாயிகள் தலைவர் திரையில் வந்து, இனி நடக்கப்போவதை முன்கூட்டியே சொல்கிறார். க்ளோஸ்-அப் பற்றி ஒரு விதியும் அங்கே உருவாகிறது: அந்த இடத்தில் நிற்கிற ஒரு மனிதன் எவ்வளவு நெருங்கிப் போவானோ அவ்வளவுதான் கேமராவும் போகலாம். ஒரு தாயின் கண்ணீர்த் துளிக்குள் நுழைய நமக்கு உரிமை இல்லை. கூட்டத்தில் ஒருவராக நின்று பார்க்கலாம். உணர்ச்சியைக் கேமரா ஊதிக் கொடுக்காவிட்டால், பார்ப்பவர் தானே முடிவு செய்துகொள்ள வேண்டியிருக்கும். இதில் ஒரு மரியாதை இருக்கிறது. நடிப்பவர் மீதும், பார்ப்பவர் மீதும்.

இந்த அனுபவங்களை எல்லாம் 1979இல் ‘மக்களோடு சேர்ந்த சினிமாவின் கோட்பாடும் நடைமுறையும்’ என்ற நூலாகக் குழு வெளியிட்டது. அதில் இரண்டு கருத்துகள் முக்கியம். ஒன்று, மக்களைப் பற்றி ஓர் இயக்குநர் எடுக்கும் படமும், இயக்குநர் வழியாக மக்கள் எடுக்கும் படமும் வேறு வேறு. இரண்டு, அழகு. புரட்சிப் படம் என்றால் அழகைப் பற்றிக் கவலைப்படக் கூடாது என்று அவர் சொல்லவில்லை. தட்டையாகவும் அவசரமாகவும் எடுத்த பிரச்சாரப் படம் மக்களை மட்டமாக நினைப்பதன் அடையாளம் என்றே கருதினார். ஆண்டிஸ் ஊர்களில் போர்வை நெய்பவரும் பானை செய்பவரும் தினசரிப் பொருளை அழகாகச் செய்கிறார்கள்; அங்கே அழகு யாரோ சில மேதைகளின் தனிச்சொத்து இல்லை. சினிமாவிலும் அழகு அப்படி இருக்க வேண்டும், சொல்வதைப் போய்ச் சேர்க்கிற வழியாக.

‘யாவார் மால்க்கு’ வந்த அதே 1969இல் கியூபாவின் இயக்குநர் கார்சியா எஸ்பினோசா, தொழில்நுட்ப நேர்த்தியைத் துரத்தாத ‘குறைகளுள்ள சினிமா’ வேண்டும் என்று எழுதினார். சொலானாஸும் கெத்தினோவும் அர்ஜென்டினாவில் ரகசியக் கூட்டங்களில் படம் போட்டு நடுவில் நிறுத்தி விவாதித்தார்கள். எல்லோரும் ஒரே நெருப்பில் குளிர்காய்ந்தவர்கள். வித்தியாசம் ஒன்றுதான். சொலானாஸ், கெத்தினோவின் பார்வையாளர் பெரும்பாலும் ஏற்கெனவே அரசியல் உணர்வுள்ள தொழிலாளர், மாணவர். சான்ஹினெஸின் பார்வையாளருக்கு வேறு மொழி, வேறு கால உணர்வு, வேறு கூட்டு வாழ்க்கை. எனவே வடிவம் பற்றிய கேள்வி இவருக்கு இன்னும் கூர்மையாக வந்தது.

இனி அவரோடு நான் முரண்படும் இடம். விவசாயிகளுக்கு ஃபிளாஷ்பேக் புரியாது, அது அவர்கள் பண்பாட்டுக்கு அந்நியம் என்று எழுதியது எவ்வளவு சரி? படமே அதிகம் பார்க்காத யாருக்கும், எந்த நாட்டிலும், வெட்டித் தாவுகிற எடிட்டிங் முதலில் குழப்பும். நான்கு படம் பார்த்தால் பழகிவிடும். பழக்கமின்மையைப் பண்பாட்டு இயல்பு என்று எடுத்துக்கொள்வதில் ஓர் ஆபத்து உண்டு. மக்களை மாறாத ஒரு பொருளாக நிறுத்திவிடும்.

இந்தக் கேள்விக்கு அவரே 1989இல் ஒரு படத்தால் பதில் சொன்னார். ‘மறைந்து வாழும் தேசம்’. அவருடைய மிகச் சிறந்த படம் இதுதான் என்பது என் உறுதியான கருத்து. செபஸ்தியான் மமானி, லா பாஸில் சவப்பெட்டி செய்து பிழைக்கும் அய்மாரா மனிதன். பெயரை மாற்றிக்கொண்டவன், ராணுவ ஆட்சியின் அடக்குமுறைக்கு வேலை செய்தவன், பின் சொந்த ஊருக்குத் தலைவனாகி ஊரையே ஏமாற்றித் துரத்தப்பட்டவன். திரும்பி வந்தால் மரணம் என்று ஊர் சொல்லியிருக்கிறது. அவன் ஒரு பெரிய முகமூடியை முதுகில் கட்டிக்கொண்டு மலைப்பாதையில் நடந்தே திரும்புகிறான்; சாகும்வரை ஆடுகிற பழைய நடனத்தை ஆடித் தன் கடனைத் தீர்க்க.

படம் முழுக்கப் பழைய நினைவுகள்தான். ஃபிளாஷ்பேக் கூடாது என்றவரின் படம் ஃபிளாஷ்பேக்காலேயே ஆனது! ஆனால் வெட்டு இல்லை. நடந்து வருகிற செபஸ்தியான் நின்று பார்க்கிறான். கேமரா மெதுவாகத் திரும்புகிறது. அதே நிலத்தில், அதே ஷாட்டில், அவன் சிறுவயதில் பெற்றோரைப் பிரிந்த நாள் நடந்துகொண்டிருக்கிறது. கடந்த காலம் முடிந்துபோன ஒன்றாக இல்லாமல் அவன் கண்ணெதிரே இருக்கிறது. அய்மாரா மக்கள் கடந்ததை முன்னாலும் வரப்போவதைப் பின்னாலும் வைத்துப் பேசுகிறவர்கள்; நடந்ததைத்தானே கண்ணால் பார்க்க முடியும். முடிவில் தன் சவ ஊர்வலத்தின் கடைசியில் அவனே நடந்துவருகிறான்.

ஆக, அவருடைய பிரச்சினை இரண்டு காலங்களைக் கலப்பதில் இல்லை. நீளத்தைத் துண்டாடி, துண்டுகளைத் தன் இஷ்டத்துக்கு ஒட்டும் வேலையில் இருந்தது. இருபது வருடம் தேடி அந்தத் தீர்வுக்கு வந்தார். முழுக் காட்சியையும் ஒரே நீண்ட ஷாட்டில், ஆட்களையும் நிலத்தையும் பிரிக்காமல் எடுக்கும் இந்த முறைக்கு அவர் முழுமையான ஒற்றை ஷாட் என்று பொருள்படும் பெயர் வைத்தார். கூட்டு வாழ்க்கையைக் காட்ட அவர் தேடிய இலக்கணம் இங்கேதான் முழுமை பெறுகிறது. அந்த வருடம் சான் செபஸ்தியான் திரைப்பட விழாவின் தங்கச் சங்கு விருது இதற்கும் இன்னொரு படத்துக்கும் பகிர்ந்து கிடைத்தது. இன்னொரு முக்கியமான மாற்றம்: இந்தப் படத்தில் மக்கள் வெறும் நல்லவர்கள் இல்லை. அடக்குமுறை ஒரு மனிதனுக்குள் போய் உட்கார்ந்து, அவன் பெயரையே வெறுக்கவைப்பதைக் காட்டுகிறார். சிக்ஸ்டோவிடம் ஒரு கோடாக இருந்தது செபஸ்தியானிடம் முழு மனிதனாகிறது.

வேறு வழியில் போனவர்களையும் சொல்ல வேண்டும். ‘யாவார் மால்க்கு’, ‘மக்களின் துணிவு’ இரண்டுக்கும் ஒளிப்பதிவு செய்த அந்தோனியோ எகீனோ பொலிவியாவிலேயே தங்கி, சர்வாதிகாரத்தின் கீழ், தியேட்டரில் ஓடக்கூடிய படங்கள் எடுத்தார். லா பாஸ் நகரத்தின் பல வர்க்கங்களைக் கதைகளாகச் சொன்ன அவருடைய ‘சுக்கியாகோ’ (1977) பெரும் கூட்டத்தை இழுத்தது. இவரைச் சமரசம் செய்தவர் என்றும் சான்ஹினெஸைத் தூய்மையானவர் என்றும் பிரிப்பது எனக்கு ஒப்பில்லை. ராணுவ ஆட்சிக் காலத்தில் நகரத்து மக்கள் தங்களைத் திரையில் பார்க்க முடிந்தது எகீனோவால்தான். தயாரிப்பிலும் மக்களிடம் படத்தைக் கொண்டு சேர்ப்பதிலும் தோள் கொடுத்த பெயாத்ரிஸ் பலாசியோஸின் பெயரும் இந்த இடத்தில் வர வேண்டும். கூட்டுப் படைப்பு பற்றிப் பேசும்போதுகூட நாம் ஓர் இயக்குநரின் பெயரையே சொல்லிக்கொண்டிருக்கிறோம்.

1995இல் ‘பறவைகளின் பாட்டை வரவேற்க’ என்ற படத்தில் காத்தா அனுபவத்தையே கதையாக்கினார். ஸ்பானியர்களின் ஆக்கிரமிப்பைக் கண்டித்துப் படம் எடுக்கப் போகும் ஒரு குழு, அந்த ஊரில் தானும் ஆக்கிரமிப்பாளர் மாதிரியே நடந்துகொள்கிறது. இதைத் தன்னைப் பற்றியே எடுக்க முடிந்தவர் என்பதால் அவர் மீது எனக்கு மதிப்பு கூடியது. ஆனால் 2012இல் வந்த ‘கிளர்ச்சியாளர்கள்’ எனக்கு ஏமாற்றம். பழங்குடிப் போராட்ட வரலாற்றை வரிசையாகச் சொல்லி, அன்று ஜனாதிபதியாக இருந்த ஏவோ மொராலஸில் கொண்டுவந்து சேர்க்கிறது. ஏவோ 2006இல் பதவிக்கு வந்தது அந்த மக்களுக்கு எவ்வளவு பெரிய நாள் என்பது எனக்குப் புரிகிறது. வாழ்நாள் முழுக்க அதற்காக உழைத்தவர் மகிழ்வதும் நியாயம். ஆனாலும் கூட்டமே கதாநாயகன் என்று சொன்னவரின் படம், சிலை வரிசை மாதிரி வீரர்களை நிறுத்துகிறது. கேள்வி கேட்கிற பார்வையாளருக்கு அதில் இடம் குறைவு.

சரி, பார்க்க விரும்பினால் எங்கே தொடங்குவது? பலரும் ‘யாவார் மால்க்கு’வைப் பரிந்துரைப்பார்கள், அது எளிதாகவும் கிடைக்கும். நான் ‘மக்களின் துணிவு’ முதலில் என்பேன், கம்பெனிக் கடைக் காட்சியில் கேமரா எங்கே நிற்கிறது என்று கவனித்துக்கொண்டே. அப்புறம் ‘யாவார் மால்க்கு’வுக்குத் திரும்பிப் போனால், அவர் தன் படத்தில் கண்ட குறைகள் உங்களுக்கே தெரியும். ‘மறைந்து வாழும் தேசம்’ மூன்றாவதாக. அதில் செபஸ்தியான் நடக்கத் தொடங்கியதும் ஷாட் எங்கே வெட்டப்படுகிறது என்று பாருங்கள். வெட்ட வேண்டிய இடம் என்று நமக்குத் தோன்றுகிற இடத்தில் கேமரா வெட்டாமல் திரும்பிக்கொண்டிருக்கும்.